ரொட்டிக் கடையில் எல்லாரும் ஏன் சிலையாக நிற்கிறார்கள்? (ஆரம்பகால மௌனக் குறும்படங்களில் குறியீடு)

முற்றத்துநிலா:

எல்லாருக்கும் வணக்கம். நேற்று ராத்திரி ஒரு படம் பார்த்தேன், இன்னும் தலையை விட்டு இறங்கவில்லை. டி. டபிள்யூ. கிரிஃபித் 1909-ல் பயோகிராஃப் கம்பெனிக்காக எடுத்த 'எ கார்னர் இன் வீட்'. ஒரே ஒரு ரீல். கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடும்.

பார்க்காதவர்களுக்காகக் கதை: ஒரு குடியானவர் கோதுமை விதைக்கிறார். நகரத்தில் ஒரு முதலாளி சந்தையில் உள்ள கோதுமை முழுவதையும் வளைத்துப்போட்டு 'கோதுமை ராஜா' ஆகிறான். மாவு விலை ஏறுகிறது, ரொட்டி விலை ஏறுகிறது, ஏழைகளுக்கு ரொட்டி இல்லை. ராஜா தன் விருந்தாளிகளுக்குத் தானியக் கிடங்கைச் சுற்றிக் காட்டப் போகிறான். உலகச் சந்தையே உன் கையில் என்று அங்கே அவனுக்குத் தந்தி வருகிறது. அந்தச் சந்தோஷத்தில் கால் தவறிக் குழிக்குள் விழுகிறான். மேலிருந்து கோதுமை கொட்டிக்கொண்டே இருக்கிறது.

என் கேள்வி நடுவில் வரும் ஒரு ஷாட்டைப் பற்றி. முதலாளி வீட்டில் விருந்து, ஒரே ஆரவாரம். உடனே கிரிஃபித் காட்சியை ரொட்டிக் கடைக்கு வெட்டி மாற்றுகிறார். ஏழைகள் வரிசையில் நிற்கிறார்கள். யாரும் அசையவில்லை. நெட் நின்றுவிட்டது என்று நினைத்துப் பின்னால் தள்ளி மறுபடியும் ஓடவிட்டேன். மறுபடியும் அப்படியே. அப்புறம்தான் புரிந்தது, படம் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது, நடிகர்கள்தான் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். கடைக்காரர் உட்பட.

இது எதற்காக? ஓவியம் மாதிரி இருக்கட்டும் என்றா? இல்லை, அந்தக் காலத்தில் இப்படி நிற்பது வழக்கமா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். அந்த ஷாட்டைப் பார்த்ததும் எனக்கு வயிற்றைப் பிசைந்தது, காரணம்தான் சொல்லத் தெரியவில்லை.

நேர்கோடு:

நல்ல கேள்வி. ஆனால் ஒரு எச்சரிக்கையோடு ஆரம்பிக்கிறேன். நூறு வருடத்துக்கு முந்தைய படம் என்றாலே எதைப் பார்த்தாலும் குறியீடு என்று சொல்லும் பழக்கம் நமக்கு இருக்கிறது. அன்றைக்கு மேடை நாடகத்தில் காட்சி உச்சத்துக்கு வரும்போது நடிகர்கள் எல்லாரும் அசையாமல் ஓவியம்போல நிற்பது சாதாரண வழக்கம். கிரிஃபித்தே மேடை நடிகராக இருந்து சினிமாவுக்கு வந்தவர். கையில் இருந்த பழைய உத்தியைப் பயன்படுத்தினார், அவ்வளவுதான் என்று ஏன் எடுத்துக்கொள்ளக் கூடாது?

கேமரா ஒரே இடத்தில் நிற்கிறது. நடிகர்கள் தலை முதல் கால் வரை தெரிகிறார்கள். முகத்தை மட்டும் நெருங்கிக் காட்டும் ஷாட் படத்தில் எங்குமே கிடையாது. வசதிக் குறைவை எல்லாம் நாம் கலையாக்கிவிடக் கூடாது.

வெட்டுமேசை:

நேர்கோடு சொல்வதில் பாதியை ஒப்புக்கொள்கிறேன். உத்தி மேடையிலிருந்து வந்ததுதான். ஆனால் எங்கே வைத்தார் என்று பாருங்கள். இருபது வருடமாக எடிட்டிங் மேசையில் உட்கார்ந்திருக்கிறேன், எனக்கு ஷாட்டைவிட அதன் அக்கம்பக்கம்தான் முதலில் கண்ணில் படும்.

இதே படத்தில் கோதுமைச் சந்தைக் காட்சி வருகிறது அல்லவா? சட்டகம் நிறைய ஆட்கள். கையை உயர்த்துகிறார்கள், கத்துகிறார்கள், ஒருவன்மேல் ஒருவன் விழுகிறான். அடுத்து விருந்து, அங்கேயும் கை ஓயவில்லை. அதற்குப் பிறகு இந்த அசையாத வரிசை. ஆட்டமெல்லாம் பணம் இருக்கிற பக்கம், உறைந்துபோனது பசி இருக்கிற பக்கம். மேடையில் எல்லாரும் உறைவது காட்சியை முடித்து வைக்க, திரை விழப் போகிறது என்பதற்கு அடையாளம். இங்கே காட்சியின் நடுவிலேயே உறைய வைக்கிறார். பழைய பாத்திரம்தான், ஆனால் ஊற்றியது வேறு.

அந்த இரண்டு காட்சிகளுக்கும் முன்னால் வரும் எழுத்து அட்டைகளையும் கவனியுங்கள். விருந்துக்கு 'கோதுமையின் பொன்'. ரொட்டிக் கடைக்கு 'கோதுமையின் பதர்'. தூற்றும்போது காற்றில் போவது பதர். வரிசையில் நிற்கும் மனிதர்களைத்தான் பதர் என்கிறார்.

இன்னொரு விஷயம். அதே கடை பிற்பாடு மறுபடி வருகிறது, அப்போது கலவரம், போலீஸ், அடிதடி. உறைந்திருந்தது உடைந்து கொதிக்கிறது. முதலில் உறையாமல் இருந்திருந்தால் பின்னால் அந்தக் கொதிப்பு இவ்வளவு உறைக்காது.

ஒன்ராறியோமழை:

நான் இந்தப் படத்தை இங்க கனடாவில ஒரு சின்னத் தியேட்டரில, ஒருத்தர் பக்கத்தில இருந்து பியானோ வாசிக்க வாசிக்கப் பார்த்தனான். விருந்து நடக்கேக்க நல்ல துள்ளலான இசை. பாண் கடை வந்த உடனே அந்த மனிசன் கட்டையில இருந்து கையை எடுத்திட்டார். முழு மௌனம். பக்கத்தில இருந்த ஆள் மூச்சு விடுறது எனக்குக் கேட்டது. மௌனப் படத்துக்குள்ள இன்னொரு மௌனம் இருக்கெண்டு அண்டைக்குத்தான் விளங்கிச்சு.

கடைச் சுவரில தொங்கிற அறிவிப்பை வாசிச்சனீங்களோ? மா விலை ஏறினபடியால் வழமையான 5 சதப் பாண் இனி 10 சதம் எண்டு எழுதியிருக்கு.

முற்றத்துநிலா:

ஐயோ அக்கா, பியானோக்காரர் கையை எடுத்தார் என்றதும் எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. அந்த அறிவிப்பைப் பார்த்தேன், ஆனால் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. வெறும் தகவல் என்று விட்டுவிட்டேன்.

பழையசுருள்:

அம்மா, அந்த 5 சென்ட் வெறும் தகவல் இல்லை. 1909-ல் அமெரிக்காவில் இந்தப் படங்களைக் காட்டிய சின்னச் சின்னக் கொட்டகைகளுக்கு நிக்கலோடியன் என்று பெயர். நிக்கல் என்றால் 5 சென்ட் நாணயம். நுழைவுக் கட்டணம் அதுதான். பார்க்க வந்தவர்களில் பெரும்பகுதி தொழிலாளிகள், வெளிநாடுகளிலிருந்து குடியேறியவர்கள், ஆங்கிலம் சரளமாக வாசிக்கத் தெரியாதவர்களும் நிறைய. ஒரு ரொட்டி விலையைக் கொடுத்து உள்ளே வந்து உட்கார்ந்திருப்பவர், திரையில் அதே 5 சென்ட் ரொட்டி 10 சென்ட் ஆவதைப் பார்க்கிறார். ஆங்கிலம் வராவிட்டாலும் 5, 10 என்ற எண்கள் யாருக்கும் புரியும். அவர் சட்டைப் பையில் இருந்த காசைத் திரையில் தொங்கவிட்டார்கள் என்றுதான் நான் நினைக்கிறேன்.

சந்தையை வளைத்துப்போடுவதும் கற்பனை இல்லை. அதே 1909-ல் ஜேம்ஸ் பேட்டன் என்பவர் சிகாகோ சந்தையில் கோதுமையை வளைத்தார். வசந்தகாலம் முழுக்க அதுதான் பேச்சு. படம் வந்தது டிசம்பரில். கொட்டகையில் இருந்த ஒவ்வொருவருக்கும் கோதுமை ராஜா யார் என்று தெரியும்.

இன்னொன்று. சிகாகோ சந்தையில் வியாபாரிகள் கூடி நின்று ஏலம் கூவும் இடத்துக்கே 'குழி' என்றுதான் பெயர். ஒரு குழியில் நின்று கோதுமையை வென்றவன் இன்னொரு குழியில் விழுந்து அதே கோதுமையால் சாகிறான். எழுத்தாளர் ஃபிராங்க் நாரிஸ் அந்தப் பெயரிலேயே ஒரு நாவல் எழுதினார், 1903-ல் வந்தது. கிரிஃபித் கதைக்கு எடுத்துக்கொண்டதில் பெரும்பகுதி நாரிஸிடமிருந்துதான்.

குருவைக்காரன்:

எல்லாரும் கடையைப் பத்தியே பேசுறீங்க. நான் வயக்காட்டைப் பத்திச் சொல்றேன். சினிமா விவரம் எனக்குத் தெரியாது, விதைப்புத் தெரியும்.

முதல் காட்சியில அந்தக் குடியானவர் விதையை ரெண்டு கையாலயும் அள்ளிப் பார்க்குறார். வீட்டுல எல்லாரும் சுத்தி நிக்கிறாங்க. யாரும் சிரிக்கல. விதைக்கிற அன்னிக்கு எங்க வீட்டுலயும் அப்படித்தான். அள்ளிப் பார்க்குறப்ப கை கணக்குப் போடும். முளைக்குமா, பதரா, எத்தனை நாளுக்குத் தாங்கும்னு. அதை நடிச்சுக் காட்டுறது லேசு இல்ல.

அப்புறம் விதைக்கிறாங்க. கைவிதைப்புல கை வீசுறதும் கால் வைக்கிறதும் ஒண்ணா போகணும், இல்லன்னா ஒரு இடத்துல அடர்ந்தும் ஒரு இடத்துல சொட்டையாவும் விழும். படத்துல அந்த நடை சரியா இருக்கு. ரெண்டு பேர் வீசிக்கிட்டே வராங்க, பின்னாடியே குதிரை பூட்டி விதையை மண்ணுல மூடிக்கிட்டு வராங்க. நம்மள நோக்கியே நடந்து வராங்க, கிட்ட வந்து திரும்பிப் போறாங்க. அவசரமே இல்ல. எங்க அப்பாவ ஞாபகம் வந்துச்சு.

கடைசி ஷாட் பார்த்தீங்களா? அதே வயல். இந்தத் தடவை ஒருத்தர்தான்.

முற்றத்துநிலா:

அண்ணா, கடைசியில் ஒருவர்தான் என்பதை நான் கவனிக்கவே இல்லை. இப்போது போய் மறுபடி பார்த்தேன். உண்மைதான். தனியாக நடந்து வருகிறார், திரும்பிப் போகிறார், அப்படியே இருட்டிவிடுகிறது. இரண்டாவது ஆள் எங்கே? குதிரை எங்கே? படம் ஒரு வார்த்தை சொல்லவில்லை.

நேர்கோடு:

குருவைக்காரன் ஐயா சொன்னதைப் படித்த பிறகு நானும் மறுபடி பார்த்தேன். என் கட்சியிலிருந்து ஒரு அடி இறங்கி வருகிறேன். முதலிலும் கடைசியிலும் ஒரே இடம், ஒரே கோணம், நடுவில் ஒரு ஆள் குறைவது தற்செயலாக நடக்காது.

ஆனால் அந்த விதைப்பு ஷாட் பிரெஞ்சு ஓவியர் மில்லேயின் விதைப்பவன் ஓவியத்தை அப்படியே எடுத்து வைத்தது என்று விமர்சகர்கள் சொல்கிறார்கள். அந்த ஓவியம் அன்றைக்கு ரொம்பப் பிரபலம். அப்படியானால் இது கடன் வாங்கிய குறியீடு ஆகிவிடாதா?

வெட்டுமேசை:

ஓவியத்தில் விதைப்பவனின் கை ஒரு தடவை வீசியபடியே நின்றுவிடும். சினிமாவில் அவன் நம்மை நோக்கி நடந்து வர வேண்டும், திரும்ப வேண்டும், போக வேண்டும். அந்த நேரம் முழுக்க நாம் காத்திருக்க வேண்டும். கடன் வாங்கியது உருவத்தை. அந்தக் காத்திருப்பு ஓவியத்தில் இல்லை.

எனக்கு இந்தப் படத்தில் பெரிதாகப் படுவது இதுதான்: குடியானவர், ராஜா, ரொட்டிக்கு நிற்பவர்கள், மூன்று கூட்டமும் ஒருவரை ஒருவர் சந்திப்பதே இல்லை. ஒரு ஷாட்டில்கூட. குடியானவருக்கு ராஜா யார் என்று தெரியாது. ராஜா எந்த ஏழையையும் பார்த்ததில்லை. மூன்று இடத்துக்கும் போய் வருவது கோதுமை ஒன்றுதான். வயலில் விதை, சந்தையில் விலை, கடையில் ரொட்டி, கிடங்கில் எமன். குறியீடு என்று தனியாக ஒன்றைக் கொண்டுவந்து வைக்கவில்லை. கதையில் ஏற்கெனவே வேலை செய்துகொண்டிருக்கும் பொருள்தான் குறியீடாகிறது. அந்த மூன்று உலகத்தையும் சேர்த்து வைப்பது யார்? வெட்டு. அதாவது பார்க்கிற நாம்.

பழையசுருள்:

வெட்டுமேசை தம்பி சொன்னதற்கு ஒரு சான்று தருகிறேன். நாரிஸ் எழுதிய சிறுகதை ஒன்றில், நிலத்தை இழந்த விவசாயியே சிகாகோவுக்குப் பிழைக்க வந்து ரொட்டி வரிசையில் போய் நிற்பான். கோதுமை விளைவித்தவனுக்கே ரொட்டி இல்லை என்று கதை நேராகச் சொல்லிவிடும். கிரிஃபித் அந்த முடிச்சை அவிழ்த்து இரண்டு ஆளாகப் பிரித்துவிட்டார். விவசாயி வயலிலேயே இருக்கிறார், வரிசையில் வேறு யாரோ நிற்கிறார்கள். சேர்த்துப் பார்க்கும் வேலையை நமக்கு விட்டுவிட்டார்.

கோதுமையில் மூழ்கிச் சாவது நாரிஸின் இன்னொரு நாவலிலிருந்து வந்தது. 1901-ல் வெளிவந்தது. அங்கே கப்பலின் அடித்தளத்தில் விழுவான், பக்கம் பக்கமாக வர்ணனை போகும். படத்தில் தானியத்துக்கு மேலே ஒரு கை மட்டும் தெரிகிறது, அப்புறம் அதுவும் இல்லை. அதற்கு நடுநடுவே ரொட்டிக் கடைக் கலவரத்தையும் வெட்டிக் காட்டுகிறார்.

ஒன்ராறியோமழை:

அந்தக் கையைப் பார்த்த உடனே எனக்கு முதல் காட்சிக் கைதான் ஞாபகம் வந்தது. ஒரு கை கோதுமையை அள்ளுது. மற்றக் கையைக் கோதுமை அள்ளிக்கொண்டு போகுது.

முற்றத்துநிலா:

அக்கா, இதைப் படித்துவிட்டு ஐந்து நிமிடம் திரையையே பார்த்துக்கொண்டு இருந்தேன்.

அடுத்த கேள்வி. இப்படி இரண்டு இடத்தை மாற்றி மாற்றிக் காட்டினால் பார்வையாளருக்குப் புரியும் என்று அவர்களுக்கு எப்படித் தெரியும்? அதற்கு முன்னால் யாராவது செய்திருந்தார்களா?

வெட்டுமேசை:

ஒரே நாளில் வரவில்லை. பிரெஞ்சு இயக்குநர் மெலியே 1902-ல் எடுத்த நிலவுப் பயணப் படத்தில் ராக்கெட் வந்து நிலவின் கண்ணில் குத்துவது எல்லாருக்கும் தெரியும். அடுத்த ஷாட்டில் அதே ராக்கெட் மறுபடியும் நிலவுத் தரையில் வந்து இறங்கும். ஒரே நிகழ்ச்சி இரண்டு தடவை. அடுத்த வருடம் எட்வின் போர்ட்டர் எடுத்த தீயணைப்புப் படத்திலும் அதே கதைதான். வீட்டுக்குள்ளிருந்து பெண்ணையும் குழந்தையையும் மீட்பதை முழுக்கக் காட்டிவிட்டு, அதே மீட்பை வெளியிலிருந்து முதலிலிருந்து காட்டுவார். உள்ளே ஒன்று, வெளியே ஒன்று, இரண்டும் முழுசாக. நடுவில் வெட்டினால் குழம்பிவிடுவார்கள் என்ற பயமாக இருக்கலாம், அல்லது அன்றைக்கு அதுவே இயல்பான வரிசையாகவும் இருந்திருக்கலாம்.

1908-ல் கிரிஃபித் ஒரு படத்தில், வீட்டில் கணவனை நினைத்துக்கொண்டிருக்கும் மனைவியிலிருந்து தீவில் தனியாகக் கிடக்கும் கணவனுக்கு வெட்டினார். இப்படித் தாவித் தாவிக் கதை சொன்னால் யாருக்கு விளங்கும் என்று கம்பெனியில் கேட்டார்களாம். நாவலாசிரியர் டிக்கன்ஸ் இப்படித்தானே எழுதுகிறார் என்றாராம். கிரிஃபித்தின் மனைவி லிண்டா ஆர்விட்சன் பிற்பாடு நினைவுக்குறிப்பில் எழுதியது இது. 'எ கார்னர் இன் வீட்' படத்தில் குடியானவரின் மனைவியாக வருவதும் அவர்தான்.

நேர்கோடு:

மெலியே பற்றி ஒரு வார்த்தை. அவர் படத்தை வெறும் மாயாஜாலம் என்று ஒதுக்குகிறவர்கள், சினிமாவுக்கு வருமுன் அவர் அரசியல் கேலிச்சித்திரம் வரைந்தவர் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். கூம்புத் தொப்பி போட்ட விஞ்ஞானிகள் நிலவுக்குப் போய், அங்கே இருப்பவர்களைக் குடையால் அடித்துப் புகையாக்கி, ஒருவனைப் பிடித்துக்கொண்டு வந்து ஊர்வலத்தில் ஆட வைக்கிறார்கள். ஐரோப்பா ஆப்பிரிக்காவையும் ஆசியாவையும் பங்கு போட்டுக்கொண்டிருந்த காலம். குறியீடு வேண்டாம் என்று சொன்ன நானே இதைச் சொல்கிறேன், ஏனென்றால் இங்கே அது பொருளாகவே படத்தில் நிற்கிறது. நாம் போய்த் தேட வேண்டியதில்லை.

ஒன்ராறியோமழை:

ஆம்பிளையளின்ர படங்களையே கதைச்சுக்கொண்டு போறம். ஆலிஸ் கீ பிளாஷே எண்டு ஒரு மனிசி. பாரிஸில கோமோன் கம்பெனியில செயலாளரா இருந்து 1896-லேயே படம் எடுக்கத் தொடங்கினவ. பிறகு அமெரிக்கா போய் சொந்தமா சோலாக்ஸ் எண்டு கம்பெனி நடத்தினவ. ஸ்டூடியோவில 'இயல்பாக இருங்கள்' எண்டு பெரிசா எழுதித் தொங்கவிட்டிருந்தாவாம்.

அவ 1912-ல எடுத்த 'ஃபாலிங் லீவ்ஸ்' பாருங்கோ. அக்காவுக்குக் காசநோய். கடைசி இலை விழேக்க இவளும் போயிடுவாள் எண்டு டொக்டர் சொல்லுறதைச் சின்னத் தங்கச்சி கேட்டிடுறாள். இரவு எல்லாரும் நித்திரையான பிறகு நூலை எடுத்துக்கொண்டு தோட்டத்துக்குப் போறாள். விழுந்த இலையளைப் பொறுக்கி ஒவ்வொண்டா மரத்தில கட்டுறாள்.

நான் முதல் தரம் பார்க்கேக்க அழுதிட்டன். என்ர அம்மம்மாவுக்கும் அந்த வருத்தம் இருந்தது.

முற்றத்துநிலா:

அக்கா, பார்த்தேன். நூல் முடிச்சுப் போடும்போது அந்தக் குழந்தையின் முகத்தில் துளி சோகம் இல்லை. வேலையில் அவ்வளவு கவனம். அதுதான் தாங்க முடியவில்லை. பெரியவர்கள் ஒரு உவமையாகப் பேசுகிறார்கள், குழந்தை அதைச் செய்தியாக எடுத்துக்கொள்கிறது. இலை விழக் கூடாது என்றால் கட்டி வைத்தால் போயிற்று.

நேர்கோடு:

கடைசி இலை விழுந்தால் உயிர் போகும் என்ற கரு ஓ. ஹென்றியின் சிறுகதையில் ஏற்கெனவே இருக்கிறது. அங்கே ஓவியர் ஒருவர் சுவரில் இலை வரைவார். இதுவும் கடன்தானே என்று எழுத வந்தேன். ஆனால் நிலா சொன்னதைப் படித்ததும் நிறுத்திக்கொண்டேன். கதையில் இலை நோயாளியின் மனத்தைத் தேற்றுகிறது. படத்தில் அக்காவுக்கு அந்த இலைகளைப் பற்றி ஒன்றுமே தெரியாது. இலை கட்டுவது நோயைத் தீர்க்கவும் இல்லை. அந்த வழியாகப் போகும் இன்னொரு மருத்துவர், என்னம்மா செய்கிறாய் என்று குழந்தையைக் கேட்கிறார். காசநோய்க்கு மருந்து கண்டுபிடித்தவர் அவர். பயனில்லாத காரியம்தான் ஆளைக் கூப்பிட்டு வந்தது. நன்றாக யோசித்திருக்கிறார்கள்.

பழையசுருள்:

1912-ல் காசநோய்க்கு உண்மையில் மருந்து கிடையாது. கிருமியை ராபர்ட் கோக் 1882-லேயே கண்டுபிடித்துவிட்டார், ஆனால் நோயைத் தீர்க்கும் ஸ்ட்ரெப்டோமைசின் வந்தது 1940-களில். அன்றைக்குக் கொட்டகையில் உட்கார்ந்திருந்தவர்களில் எத்தனை பேர் வீட்டில் ஒருவர் இருமிக்கொண்டு கிடந்திருப்பார். அவர்களுக்கு அந்த மருத்துவர் வந்து நிற்கும் காட்சி எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன்.

அந்தக் காலத்தில் இரவுக் காட்சியைப் பெரும்பாலும் பகல் வெளிச்சத்திலேயே எடுத்துவிட்டு, பிரிண்டை நீலச் சாயத்தில் முக்குவார்கள். நீலம் என்றால் இரவு, மஞ்சள் என்றால் விளக்கு வெளிச்சம், சிவப்பு என்றால் தீ. சாயம் போன கறுப்பு வெள்ளைப் பிரதியைப் பார்த்தால் பட்டப்பகலில் எதற்கு லாந்தரோடு நடக்கிறார்கள் என்று தோன்றும். அதேபோல வேகம். கேமராவைக் கையால் சுற்றி எடுத்தவை இவை, வினாடிக்கு ஏறத்தாழ 16 பிரேம், அதாவது 16 தனித்தனிப் படம். அதை 24-ல் ஓட்டினால் எல்லாரும் விறுவிறுவென்று ஓடுவார்கள், நமக்குச் சிரிப்பு வரும். குருவைக்காரன் சொன்ன அந்த விதைப்பு நடை சரியான வேகத்தில் ஓடும் பிரதியில்தான் தெரியும். தேடிப் பாருங்கள்.

குருவைக்காரன்:

ஐயா, ஒரு சந்தேகம். எழுதப் படிக்கத் தெரியாதவங்க அந்த எழுத்து அட்டையை எப்படிப் புரிஞ்சுக்கிட்டாங்க?

பழையசுருள்:

பல ஊர்களில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்லுவார். ஜப்பானில் அவர்களுக்கு பென்ஷி என்று பெயர், நடிகர்களைவிட அவர்களுக்குக் கூட்டம் கூடும். நம் ஊரிலும் உண்டு. திருச்சியில் ரயில்வேயில் வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905-ல் டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படக்கருவியையும் சுருள்களையும் வாங்கி ஊர் ஊராகக் கூடாரம் அடித்துக் காட்டினார். அதில் இயேசு நாதரின் வாழ்க்கைப் படமும் ஒன்று. அப்புறம் வந்த மௌனப் படங்களுக்கும் நம் கொட்டகைகளில் விளக்கம் சொல்ல ஆள் வைத்திருந்தார்கள். ஒரே படம், ஆனால் சொல்பவர் வாயைப் பொறுத்துக் கதை மாறும்.

வெட்டுமேசை:

இந்த இழையில் 'சஸ்பென்ஸ்' பேசாமல் போனால் எனக்குத் தூக்கம் வராது. லோயிஸ் வெபரும் அவர் கணவர் பிலிப்ஸ் ஸ்மாலியும் சேர்ந்து இயக்கியது, 1913. பத்தே நிமிடம். கைக்குழந்தைக்காரி ஒருத்தி ஒதுக்குப்புறமான வீட்டில் தனியாக இருக்கிறாள். அந்த மனைவி லோயிஸ் வெபரேதான். வேலைக்காரி சொல்லாமல் கிளம்பிப் போகிறாள். போகும்போது சாவியைக் கால்மிதிக்கு அடியில் வைத்துவிட்டுப் போகிறாள். நாடோடி ஒருவன் வந்து சேர்கிறான்.

மூன்று ஷாட் சொல்கிறேன். ஒன்று, ஜன்னலிலிருந்து அவள் எட்டிப் பார்க்கிறாள். நேர் கீழே அவன். தலையைத் தூக்கி நம் கண்ணையே பார்க்கிறான். இரண்டு, அவன் மாடிப்படி ஏறி நேராகக் கேமராவை நோக்கியே வருகிறான், முகம் திரையை நிறைக்கும் வரை. மூன்று, கணவன் ஒரு காரைத் திருடிக்கொண்டு வீட்டுக்குப் பறக்கிறான். பின்னால் துரத்தி வரும் போலீஸ் காரை நாம் பார்ப்பது அவன் காரின் பக்கவாட்டுக் கண்ணாடிக்குள்.

ஆனால் நான் பேச வந்தது முக்கோணம். அவள் போனில் கணவனிடம் பேசும்போது திரையை மூன்றாக வெட்டுகிறார்கள். நடு முக்கோணத்தில் கணவன். இரண்டு ஓரத்தில் மனைவியும் நாடோடியும். கணவன் சரியாக இருவருக்கும் நடுவில் இருக்கிறான், ஆனால் அது படச்சட்டத்தில் மட்டும்தான். உண்மையில் அவன் எங்கோ ஊருக்குள் ஆபீஸில். நடுவில் நின்றும் தடுக்க முடியவில்லை. அப்புறம் நாடோடி போன் கம்பியை அறுக்கிறான், முக்கோணமும் போய்விடுகிறது.

நேர்கோடு:

அந்தச் சாவி குறியீடா இல்லையா என்று என்னைக் கேட்டால், இல்லை என்பேன். அது சாவி. மனிதர்கள் நம்பிக்கையோடு கால்மிதிக்கு அடியில் வைக்கும் சாவி. அது வெறும் சாவியாக இருப்பதால்தான் அவன் கை அங்கே போகும்போது நமக்கு நெஞ்சு அடித்துக்கொள்கிறது. அன்றைக்கு இரவு என் வீட்டு வாசல் மிதியடியை நான் தூக்கிப் பார்த்தேன்.

வெட்டுமேசை:

இதையேதான் நான் கோதுமைக்கும் சொன்னேன். நாம் இரண்டு பேரும் ஒரே இடத்துக்கு வந்து சேர்ந்துவிட்டோம்.

நேர்கோடு:

ஒரே இடம்தான். நீங்கள் அதைக் குறியீடு என்கிறீர்கள், நான் பொருள் என்கிறேன். அந்தச் சொல்லை மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

முற்றத்துநிலா:

நேற்று ஞாயிற்றுக்கிழமை, எங்கள் அம்மாவை உட்கார வைத்து 'எ கார்னர் இன் வீட்' போட்டுக் காட்டினேன். அம்மா ஐந்தாவதோடு படிப்பை நிறுத்தியவர். மௌனப் படம் பார்த்ததே இல்லை. எழுத்து அட்டை எதையும் நான் படித்துச் சொல்லவில்லை, வேண்டுமென்றேதான்.

முதல் காட்சி ஓடும்போதே, "விதைக்குப் போறாங்க" என்றார். சந்தைக் காட்சியில் ஒன்றும் சொல்லவில்லை. விருந்தில், "யார் காசு இது?" என்று கேட்டார். ரொட்டிக் கடை வந்து எல்லாரும் உறைந்து நிற்கும்போது என் கையைப் பிடித்துக்கொண்டார். "ரேஷன் கடையில சரக்கு இல்லன்னு சொல்லிட்டா இப்படித்தான் நிப்போம். உடனே போக மனசு வராது."

கடைசி ஷாட்டில் அந்த ஒற்றை ஆள் நடந்து வரும்போது, "இன்னொருத்தர் எங்கே?" என்றார். குருவைக்காரன் அண்ணா, உங்களைப் போலவே. நான் பதில் சொல்லவில்லை. இருட்டின பிறகும் அம்மா திரையைத்தான் பார்த்துக்கொண்டு இருந்தார். அப்புறம், "மறுபடி முதல்ல இருந்து போடு" என்றார்.

குருவைக்காரன்:

அம்மாவுக்கு என் வணக்கம் சொல்லுங்க தங்கச்சி. அடுத்து அந்த இலை கட்டுற படத்தைப் போட்டுக் காட்டுங்க. என்ன சொன்னாங்கன்னு இங்கயே எழுதுங்க, காத்திருக்கேன்.